கெடுத்துப் பார்க்கிற அக்கா

அக்கா குடை வாங்கக் கிளம்பினால் எந்தக் கடைக்காரருக்கோ அன்றைக்கு ஏழரை என்று அர்த்தம். பண்டாரவளையில் ஒரு கடையில் நானே கூட நின்று பார்த்தேன். ஆறு குடைகளை விரித்து, ஒவ்வொன்றாக வாசலுக்குக் கொண்டுபோய்க் காற்றுக்கு எதிராகப் பிடித்தார். காற்று போதவில்லை. அதனால் கையாலேயே கம்பிகளைப் பின்பக்கமாக மடக்கத் தொடங்கினார். கடைக்காரர் கல்லாவை விட்டு எழுந்து வந்துவிட்டார்.

“என்ன தங்கச்சி, குடை வாங்க வந்தீங்களா, ஒடைக்க வந்தீங்களா?”

“ரெண்டுக்குந்தான்,” என்றார் அக்கா.

ஆறில் இரண்டு குடைகள் எப்படி அழுத்தியும் மடங்கவில்லை. நானாயிருந்தால் அதில் ஒன்றை எடுத்துக்கொண்டு வீட்டைப் பார்க்கப் போயிருப்பேன். அக்கா எடுத்தது, முழுதாகப் பின்னால் புரண்டு, ஒரு உதறலில் பழையபடி நிமிர்ந்த ஒரு குடையை. மடங்காத குடை என்றாவது ஒருநாள் முறிந்துபோகும், அப்போது மழையில் நிற்க வேண்டும் என்பது அவர் கட்சி. விலையிலும் ஐம்பது ரூபாய் குறைத்துத்தான் கிளம்பினார்.

அக்கா என்றால் கூடப்பிறந்தவர் இல்லை. பதுளையில் ஓர் இரும்புக்கடைக்கு மேல்மாடியில் இரண்டு அறைகளில் நடந்த பட்டறையில் எனக்குப் பக்கத்து மேசைக்காரர். என்னைவிட இரண்டு வயது மூத்தவர். தேயிலைத் தொழிற்சாலைகளின் மின்சாரப் பெட்டிகளைப் பழுதுபார்ப்பதும், கேட்டால் புதிதாகச் செய்து கொடுப்பதும் எங்கள் வேலை. இதெல்லாம் நடந்து ஏழெட்டு வருஷமாகிறது. பெயரைச் சொல்லவில்லை. சொன்னால் இதைத் தேடிப் பிடித்து வாசித்துவிட்டு, எந்த இடத்தில் பிழை என்று சொல்ல ஃபோன் எடுப்பார்.

வேலை கேட்டு வந்த அன்றே அவருடைய குணம் தெரிந்துவிட்டது. முதலாளி யாழ்ப்பாணத்துக்காரர், அரசாங்கத்தில் தொழில்நுட்ப அதிகாரியாக இருந்து ஓய்வுபெற்றவர். அவர் சான்றிதழ்களைக் கேட்டார். அக்கா கொடுத்துவிட்டு, தன் பங்குக்கு இரண்டு கேள்விகள் கேட்டார்.

“இதுக்கு முந்தி இந்த மேசையில இருந்தவரு ஏன் போனாரு? இங்க செஞ்சதுலயே ஆக மோசமான சாமான் எது?”

“பிள்ளை, நீர் வேலைக்கு வந்தனீரோ, விசாரணைக்கு வந்தனீரோ?” என்று முதலாளி சிரித்தார். சிரித்துக்கொண்டே, இரண்டாவது கேள்விக்குப் பதிலாக என் மேசையைக் காட்டினார். நான் செய்த பேட்டரி சார்ஜர் ஒன்று அங்கே இருந்தது.

“இது சூடாகுமா?” என்று அக்கா என்னிடம் கேட்டார்.

“சேச்சே, ஆகாது,” என்றேன்.

அவர் அதை மின்சாரத்தில் செருகிவிட்டு, அதன் மேல் உள்ளங்கையை வைத்துக்கொண்டு, பத்து நிமிஷம் என் சொந்த ஊர், படித்த பள்ளி எல்லாம் விசாரித்தார். பிறகு கையைச் சட்டென்று எடுத்து உதறினார். “ஆகுது தம்பி,” என்றார். கோபமோ கேலியோ இல்லை, மழை பெய்கிறது என்று சொல்கிற மாதிரி சொன்னார். எனக்கு அது கேலியைவிட மோசமாகப் பட்டது. ஒரு மாதம் அவரோடு சரியாகப் பேசவில்லை.

இந்தப் பழக்கம் எங்கிருந்து தொற்றியது என்பது பிற்பாடுதான் தெரிந்தது. படிக்கப் போகும் முன்னே நான்கு வருஷம் அவர் ஹல்துமுல்லைப் பக்கத்தில் ஒரு தோட்டத்துத் தொழிற்சாலையில், தேயிலை ருசி பார்க்கும் அறையில் வேலை செய்திருக்கிறார். அப்பாவும் அதே இடத்தில் கொழுந்து அரைக்கும் இயந்திரத்தில் நின்றவர். நம் வீடுகளில் தேத்தண்ணீர் போடுகிற மாதிரி அங்கே போடுவதில்லை. கொதிக்கக் கொதிக்கத் தண்ணீரை ஊற்றி, மூடி வைத்து, நாக்கு சுருண்டுபோகிற அளவுக்குச் சாயம் இறங்கவிட்டு, பாலும் சீனியும் காட்டாமல் உறிஞ்சித் துப்புவார்கள்.

“பதமா போட்டா எந்தத் தூளும் நல்லாத்தான் இருக்கும் தம்பி. தீஞ்ச வாடை, புளிச்ச வாடை எல்லாம் உள்ளுக்குள்ளயே ஒளிஞ்சுக்கும். கெடுத்துப் போட்டாத்தான் தூளு உண்மையைப் பேசும்,” என்பார்.

தூளோடு நிறுத்தியிருந்தால் பரவாயில்லை. மொனராகலையிலிருந்து அவரைப் பெண் பார்க்க வந்தார்கள். மாப்பிள்ளைக்கு வங்கியில் வேலை, நல்ல நிறம், தலை நிறைய முடி. அக்கா தேயிலையைப் பத்து நிமிஷம் கொதிக்கவிட்டு, சீனியே போடாமல் கொண்டுவந்து நீட்டியிருக்கிறார். மாப்பிள்ளை கடைசிச் சொட்டுவரை குடித்துவிட்டு, “ரொம்ப நல்லாருக்குங்க,” என்றாராம். அவருடைய அப்பா ஒரு வாய் குடித்துவிட்டுக் கோப்பையை ஜன்னல் ஓரமாகத் தள்ளி வைத்தாராம்.

“அந்த அப்பாவுக்குக் கல்யாணம் ஆகாம இருந்திருந்தா யோசிச்சிருப்பேன்,” என்று அக்கா மறுநாள் பட்டறையில் சொன்னார். இரண்டு வருஷம் கழித்து, அதே கஷாயத்தைக் குடித்துவிட்டு, “யாருங்க இதைப் போட்டது? அடுப்புல வச்சிட்டு மறந்துட்டாங்களா?” என்று கேட்ட ஒரு பஸ் கண்டக்டரைக் கட்டிக்கொண்டார். நன்றாகத்தான் இருக்கிறார்கள்.

இப்படிப்பட்ட ஒருவரோடு சேர்ந்துதான் நான் போர்டு தெரிவு செய்ய வேண்டி வந்தது.

அக்கா முன்பு வேலை செய்த அந்தத் தொழிற்சாலையின் டீமேக்கர், அதாவது கொழுந்து தூளாகும்வரை எல்லாவற்றுக்கும் பொறுப்பானவர், எங்களைக் கூப்பிட்டு அனுப்பியிருந்தார். பறித்து வந்த கொழுந்தை நீளமான தொட்டிகளில் பரப்பி, கீழேயிருந்து பெரிய விசிறியால் காற்று விட்டு வாட்டுவார்கள். காற்று கூடினால் கொழுந்து காய்ந்து நொறுங்கும். குறைந்தால் புழுங்கிச் சிவந்துபோகும். காற்றின் ஈரத்தையும் சூட்டையும் பார்த்து விசிறியைத் தானே போட்டு அணைக்கும் ஒரு பெட்டி வேண்டும் என்றார். அதற்கு மூளையாக ஒரு மைக்ரோகன்ட்ரோலர், அதாவது விரல் நகம் அளவில் ஒரு சின்னக் கணினி. முதல் மாதிரியைச் செய்ய அது பொருத்திய தயார் போர்டையே வாங்கலாம். போர்டை மட்டும் வாங்கினால் போதாது. அதற்குப் புரோகிராம் எழுதும் மென்பொருள், அதை ஏற்றும் கேபிள், கெட்டால் கேட்டுத் தெளிய நாலு ஆட்கள் என்று ஒரு குடும்பமே பின்னால் வரும். ஒன்றைத் தெரிவு செய்தால் அந்தக் குடும்பத்தோடு காலம் தள்ள வேண்டும்.

முதலாளி மூன்று வகையில் இரண்டிரண்டு வாங்கிப் போட்டார். பெயர் வாயில் நுழையாததால் நிறத்தை வைத்தே கூப்பிட்டோம். பச்சை, கிட்டத்தட்ட முழுக் கணினி. கறுப்பு, வேகமானது, அது அளக்கும் எண்களைக் கைத்தொலைபேசியில் பார்க்கலாம். நீலம், மலிவு, மெதுவானது, பள்ளிப் பிள்ளைகள் பழகுவது. நான் கறுப்பின் கட்சி. டீமேக்கரிடம் முன்கூட்டியே, “ஐயா, நீங்க குவாட்டர்ஸ்ல உக்காந்துக்கிட்டே ஃபோன்ல பார்க்கலாம்,” என்று வாயை விட்டும் இருந்தேன்.

அக்கா மூன்றையும் மேசையில் வரிசையாக வைத்து, தன் திருவிளையாடலைத் தொடங்கினார். ஓடிக்கொண்டிருக்கும்போதே செருகியைப் பிடுங்குவார், செருகுவார், பிடுங்குவார். பச்சை ஒவ்வொரு தடவையும் விழித்தெழ ஒரு நிமிஷத்துக்கு மேல் எடுத்தது. “துரை பங்களா நாய்கூட இதைவிடச் சுருக்கா எந்திரிக்கும்,” என்றார். ஏழாவது தடவை அதன் மெமரி கார்டே கெட்டு, பச்சை எழவே இல்லை. பிறகு மற்ற இரண்டின் மேலும் சீனி போட்ட தேத்தண்ணீரை ஊற்றினார். நான் பதறிப்போய்க் கையைப் பிடித்தேன்.

“ஸ்டோருல தட்டையா எது இருந்தாலும் அதுமேல கோப்பை வைப்பாங்க தம்பி. நானே வச்சிருக்கேன்,” என்றார். தோட்டத்து ஆட்களுக்குத் தொழிற்சாலை என்பது ஸ்டோர், தோட்ட மானேஜர் என்பவர் துரை.

வயரை மாற்றிக் கொடுத்ததில் என் கறுப்புகளில் ஒன்று புகைந்து செத்தது. புரோகிராம் ஏற்றும் மென்பொருள்களை ஒரு பென்டிரைவில் போட்டு எடுத்துக்கொண்டு பஸ் ஏறிப் போய், தொழிற்சாலை அலுவலகத்தின் பழைய கணினியில் நிறுவிப் பார்த்தார். நீலத்துடையது பத்து நிமிஷத்தில் ஏறியது. கறுப்புடையது இன்னும் ஏதேதோ இணையத்திலிருந்து இறக்க வேண்டும் என்று கேட்டது. அந்தப் பள்ளத்தில் சிக்னல் என்பது கோயில் வளைவில் ஒரு காலைத் தூக்கி நின்றால் கிடைப்பது.

“நம்ம லேப்டாப்பைக் கொண்டு போனா சரிதானேக்கா,” என்றேன்.

“மழைக்கு ரோட்டுல மண் சரிஞ்சு பஸ் வராட்டி? கொழுந்து உங்களுக்காகக் காத்துக்கிட்டு இருக்குமா?”

நான் விடவில்லை. டீமேக்கருக்கு ஃபோனில் பார்க்கும் வசதி பிடித்திருக்கிறது என்பதையே திரும்பத் திரும்பச் சொன்னேன். கடைசியில் அக்கா ஒரு வழிக்கு வந்தார். கறுப்பை என் வீட்டில் மூன்று நாள் விடாமல் ஓட்டிப் பார்ப்பது. ஒரு தடவைகூட நிற்கவில்லை என்றால் கறுப்பு. ஒரே ஒரு தடவை நின்றாலும் நீலம்.

விசிறிக்குப் பதிலாக அம்மாவின் கிரைண்டர் மோட்டாரை அதனோடு மாட்டினேன். கறுப்பு அதைப் போட்டது, அணைத்தது, போட்டது. இரண்டு நாள் தங்கமாக ஓடியது. மூன்றாம் நாள் மத்தியானம் கிரைண்டர் அணைந்த நொடியில் திரையில் எண்கள் அப்படியே உறைந்துவிட்டன. பெரிய மோட்டாரை அணைக்கும்போது வயரில் ஒரு உதறல் வரும், அதில் மாட்டியிருக்க வேண்டும். நான் கடிகாரத்தைப் பார்த்தேன். அடுப்படியில் அம்மாவைத் தவிர வீட்டில் யாரும் இல்லை. மறுதொடக்கப் பொத்தானை ஒரு அழுத்து அழுத்தினேன். எண்கள் ஓடத் தொடங்கின. கொப்பியில், ‘மூன்று நாள், நிற்கவில்லை’ என்று எழுதினேன்.

ஏன் எழுதினேன் என்று கேட்டால், டீமேக்கரிடம் வாய் விட்டது ஒரு காரணம். உண்மையான காரணம் வேறு. என் கையால் செய்த ஒரு சாமானைப் பார்த்து அக்கா ஒரு தடவையாவது ‘சரி’ என்று சொல்ல வேண்டும் என்று எனக்கு வெறியே இருந்தது.

மறுநாள் அவர் போர்டைக் கணினியில் மாட்டி, எதையோ பார்த்துவிட்டு, கொப்பியைப் புரட்டினார்.

“ஒரு தடவைகூட நிக்கலையா தம்பி?”

“இல்லக்கா.”

“சரி. நீங்க சொன்னா சரி.”

நான் ஆசைப்பட்ட சொல் கிடைத்துவிட்டது. அன்றைக்குச் சோறு இறங்கவில்லை.

வெள்ளிக்கிழமை காலை பதுளையில் பஸ் ஏறினோம். கறுப்பு போர்டு பொருத்திய பெட்டி என் மடியில். அக்கா பெரிய பையொன்றைக் காலடியில் வைத்துக்கொண்டு, பண்டாரவளை வரை தூங்கினார். தொழிற்சாலையின் மேல்மாடியில் டீமேக்கர் எங்களுக்காக ஒரு தொட்டியை ஒதுக்கி வைத்திருந்தார். ஆட்கள் அன்றைய மத்தியானக் கொழுந்தைக் கொண்டுவந்து கொட்டி, பஞ்சு மாதிரி உதறிப் பரப்பினார்கள். பச்சை வாசனை மாடி முழுக்க நிறைந்தது. டீமேக்கர் தலை நரைத்த, குள்ளமான மனிதர். ஒரு பிடி கொழுந்தை எடுத்து உள்ளங்கையில் நசுக்கிப் பார்த்துவிட்டுத் திரும்பப் போட்டார்.

“துரைக்கு இன்னும் சொல்லல. சரியா வந்தா சொல்லிக்கலாம்னு விட்டுட்டேன். இந்தத் தொட்டி கெட்டுச்சின்னா என் தலையிலதான் விடியும். ஓய்வுக்கு இன்னும் எட்டு மாசம் இருக்கு,” என்றார். பிறகு அக்காவைக் காட்டி, “இந்தப் புள்ள கொண்டாந்தா நம்பலாம்,” என்றார்.

நான் பெட்டியைச் சுவரில் மாட்டிவிட்டேன். வயர்களை இணைத்துவிட்டேன். விசைக்குக் கை போனது. விசிறி அணையும்போது கறுப்பு உறைந்தால், அணைந்த விசிறி அணைந்தபடியே கிடக்கும். திரையில் எண் மட்டும் அழகாகத் தெரியும். டீமேக்கர் அதை நம்பி ஃபோனைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார். அந்த மனிதர் என்னைப் பார்த்துத் தலையை ஆட்டினார், போடுங்க என்று.

“ஐயா, ஒரு நிமிஷம்,” என்றேன். குரல் எனக்கே கேட்கவில்லை. இன்னொரு தடவை சொன்னேன். “இது நின்னுச்சுங்க. எங்க வீட்டுல ஓட்டிப் பார்த்தப்ப ஒரு தடவ நின்னுச்சு. நான்தான் நிக்கலன்னு எழுதினேன்.”

மாடியில் பத்துப் பதினைந்து பேர் இருந்தார்கள். டீமேக்கர் அக்காவைப் பார்த்தார். அக்கா என்னைப் பார்க்கவே இல்லை. பையைத் திறந்து, சாப்பாட்டுப் பார்சலை எடுத்துக் கீழே வைத்தார். அதற்கு அடியிலிருந்து அதே அளவில், அதே துளைகளோடு இன்னொரு பெட்டியை எடுத்தார். உள்ளே நீலம், புரோகிராம் ஏற்றித் தயாராக இருந்தது.

“திருகாணியைக் கழட்டுங்க தம்பி,” என்றார்.

கால் மணிநேரத்தில் மாற்றினோம். எனக்கு அவமானத்தில் காது சுட்டது, ஆனால் நெஞ்சு லேசாகியிருந்தது. இனி விசையைப் போடலாம் என்று பார்த்தால், தொட்டியைப் பார்த்துக்கொள்ளும் பெரியவர் ஒருவர் தட்டோடு வந்துவிட்டார். புது இயந்திரத்துக்குப் பூசை போடாமல் ஸ்டோரில் எதையும் ஓட்ட விடமாட்டார்கள். கற்பூரம் காட்டினார், மஞ்சள் தண்ணீர் தெளித்தார், பெட்டியின் நெற்றியில் சந்தனமும் குங்குமமும் வைத்தார். அக்காவும் கும்பிட்டார், நானும் கும்பிட்டேன். விசையைப் போட்டோம். விசிறி உறுமியது. எல்லோரும் கைதட்டினார்கள்.

இரண்டு நிமிஷம்தான் ஆகியிருக்கும். பெட்டியில் சிவப்பு விளக்கு எரிந்தது. திரையில் ஆங்கில எழுத்துகளில், ‘தெரியல, கையால பாருங்க’ என்று வந்தது.

அக்காவின் முகம் செத்துப்போனது. செருகியைப் பிடுங்கி, தேத்தண்ணீர் ஊற்றி, வயரை மாற்றி எல்லாம் பார்த்தவர் அவர். வயர் வழியே தேடிக்கொண்டு போனதில், விசிறி வாய்க்கு முன்னால் தொங்கவிட்டிருந்த உணரி அகப்பட்டது. காற்றின் ஈரத்தை அளக்கிற, தீப்பெட்டியில் பாதி அளவு வெள்ளைப் பெட்டி. முன்பக்கம் சின்னச் சின்னத் துளைகள். பெரியவர் அதையும் விடவில்லை. துளைகள் எல்லாம் அடைபட, நடுவில் கட்டை விரலால் அழுத்தி, வட்டமாக ஒரு சந்தனப் பொட்டு.

“அதுவும் புதுசுதானேன்னு வச்சேங்க,” என்றார் பெரியவர், பாவம்.

ஈரச் சந்தனத்துக்குள் அகப்பட்டுக்கொண்டு உணரி நடக்காத கணக்கைச் சொல்லியிருக்கிறது. இப்படி ஒரு எண் வரவே முடியாது என்று கண்டதும், விசிறியின் பொறுப்பை மனிதர்களிடம் விட்டுவிட்டு விளக்கைப் போடும்படி அக்கா புரோகிராம் எழுதியிருந்தார். என் கறுப்பாயிருந்தால் அந்தப் பொய்க் கணக்கையே தைரியமாகக் காட்டியிருக்கும். போர்டில் குற்றமில்லை. நான் அதற்கு அப்படித்தான் எழுதியிருந்தேன்.

டீமேக்கர் சிவப்பு விளக்கின் முன்னால் கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு நின்றார். எழுத்துக் கூட்டி வாசித்தார். இன்னொரு தடவை வாசித்தார். எங்களைத் திரும்பிப் போகச் சொல்லப்போகிறார் என்றே நினைத்தேன்.

“இருவத்தாறு வருஷமா இந்த ஸ்டோருல இருக்கேன். துரைமாரு எத்தனையோ பேரு, கிளாக்கருமாரு எத்தனையோ பேரு. தெரியலன்னு சொன்ன ஒருத்தனையும் நான் கண்டதில்ல,” என்றார். “இந்தப் பொட்டி சொல்லுதே. இது இருக்கட்டும்.”

வேறு உணரி மாட்டும்வரை அவரே விசிறியைக் கையால் போட்டு அணைத்தார், அரைமணிக்கு ஒரு தடவை கொழுந்தை நசுக்கிப் பார்த்தார். தொட்டிக்கு ஒன்றும் ஆகவில்லை. ஃபோனில் எண் பார்ப்பதைப் பற்றி அவர் அதன் பிறகு கேட்கவே இல்லை.

திரும்பும்போது பஸ்ஸில் அக்காவுக்குப் பக்கத்தில் இடம் இருந்தது. நான் பின் இருக்கைக்குப் போனேன். ஹப்புத்தளை தாண்டியதும் தைரியத்தை வரவழைத்துக்கொண்டு முன்னால் வந்து உட்கார்ந்தேன்.

“உங்களுக்கு முன்னாடியே தெரியுமாக்கா?”

“ஒவ்வொரு தடவ புதுசா தொடங்குறப்பவும் எண்ணிக்கையில ஒன்னு கூட்டி எழுதி வைக்கிற மாதிரி ரெண்டு போர்டுலயும், உங்க புரோகிராம்லயும்கூட, ஒரு வரி சேர்த்திருந்தேன். உங்ககிட்ட சொல்லல. நான் மாட்டினதைக் கழிச்சா ஒன்னுன்னு இருக்கணும். ரெண்டுன்னு இருந்துச்சு.”

அப்படியானால், அந்த வாரம் முழுக்க அவர் கொதிக்கவிட்டது போர்டை மட்டுமில்லை. எனக்குக் கோபம் வந்தது. கேட்டும்விட்டேன்.

“நான் சொல்லாம விசையைப் போட்டிருந்தா?”

“போட விட்டிருக்க மாட்டேன். ஐயாவோட கொழுந்து அது.” ஜன்னலுக்கு வெளியே பார்த்தபடி சொன்னார். “ஆனா திங்கக்கிழமை முதலாளிகிட்ட வேற மேசை கேட்டிருப்பேன்.”

மடியில் செத்த பாரமாகக் கிடந்த கறுப்புப் பெட்டியை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டிருந்தேன். பண்டாரவளையில் கூட்டம் ஏறி இறங்கியது. தெமோதரைப் பக்கம் வரும்போது அக்கா கையை நீட்டி அந்தப் பெட்டியை என் மடியிலிருந்து எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டார். மூடியைத் திறந்து உள்ளே பார்த்தார்.

“திங்கக்கிழமை அம்மாவோட கிரைண்டரைத் தூக்கிட்டு வாங்க தம்பி,” என்றார். “இது ஏன் நின்னுச்சுன்னு ரெண்டு பேருமா பார்ப்போம்.”